தேன் எப்போது தடவுவது

ஜனவரி 9

அன்புள்ள அக்காவுக்கு,

முழங்கால் வலி எப்படி இருக்கிறது? நான் வாங்கிக் கொடுத்த தைலத்தைத் தேய்க்கிறாயா, இல்லை அலமாரியில் வைத்து அழகு பார்க்கிறாயா? இங்கே எனக்கு ஒரு குறையும் இல்லை.

நல்ல சேதி ஒன்று. ஊர் ஊராகப் போய் லிஃப்ட் பொருத்தும் பிழைப்பு முடிந்தது. ஏழு மாடி ஆஸ்பத்திரி ஒன்றில் நிரந்தர மெக்கானிக்காக எடுத்துக்கொண்டார்கள். நாலு லிஃப்ட். காலை எட்டு மணிக்குப் போனால் மாலை ஐந்துக்கு வீடு. வீடு என்றால் இரண்டு அறை, மூன்றாவது மாடி, சமையல் மேடைக்கு நேர் மேலே ஒரு ஜன்னல். உள்ளறையில் சின்னக் கட்டில் ஒன்று வாங்கிப் போட்டிருக்கிறேன். யாருக்கு என்று நான் சொல்ல வேண்டியதில்லை.

ஜூனில் பள்ளி திறக்கும்போது வாலு என்னோடு இருக்க வேண்டும் அக்கா. அவளுக்குப் பதினொரு வயது ஆகிறது. அப்பா என்றால் மூன்று மாதத்துக்கு ஒருமுறை பிஸ்கட் பாக்கெட்டோடு வந்து போகிற ஆள் என்றே அவள் நினைத்துக்கொண்டிருக்கக் கூடாது. யோசித்து எழுது.

வாலுவுக்கு ஒரு முத்தம். வலிக்காமல் காதைத் திருகினேன் என்றும் சொல்.

உன் தம்பி

ஜனவரி 17

தம்பிக்கு,

நலம். நீ நலமா என்று கேட்பது மரியாதைக்காக.

உன் எறும்பு எழுத்து என் கண்ணுக்குப் பிடிபடாது என்று தெரியாதா? நாள் முழுக்க ஊசியில் நூல் கோக்கிற கண். வழக்கம்போல வாலுதான் உன் கடிதத்தை எனக்கு வாசித்துக் காட்டினாள். வாசித்து முடித்ததும், "கட்டில் என்ன கலர்னு கேட்டு எழுதுங்க அத்தை" என்றாள். அவ்வளவுதான் கேட்டாள். எனக்குத்தான் கையிலிருந்த கத்தரிக்கோலை எங்கே வைத்தேன் என்று அரைமணி நேரம் தெரியவில்லை.

ஏழு வருடம்டா. அவள் அம்மா போய் அப்போது இரண்டு மாதம்கூட ஆகவில்லை. நாலு வயதுக் குழந்தை, உடம்பு அனலாகக் கொதிக்கிறது. "பத்து நாள்ல வந்துடறேன்க்கா" என்று என் தையல் மெஷின் பக்கத்தில் படுக்கப்போட்டுவிட்டுப் போனாய். அந்தப் பத்து நாள் இப்போதுதான் முடிந்ததா? அவளுக்கு அம்மை வார்த்தபோது நீ எங்கே இருந்தாய்? முதல் பல் விழுந்தபோது? கணக்கு வரவில்லை என்று கதவைச் சாத்திக்கொண்டு அழுதபோது? வளர்த்து ஆளாக்கின பிறகு வந்து நிற்கிறான் உரிமைக்காரன்.

இதையெல்லாம் போனில் சொன்னால் பாதியிலேயே வைத்துவிடுவாய். அதனால்தான் எழுதுகிறேன். கடைசி வரைக்கும் படி.

உனக்குத் தண்ணீர் கொதிக்கவைக்கத் தெரியும். அவளுக்கு என்ன போடுவாய்? எதை வைத்தாலும் கொறிக்கிற பிள்ளை அது. ஞாயிற்றுக்கிழமை நான் ஓவனில் சுடுகிற கோழி இறக்கையை மட்டும் எலும்பில் ஒன்றும் மிச்சமில்லாமல் தின்பாள். இனிப்பும் உப்பும் காரமும் சேர்ந்தே நாக்கில் பட வேண்டும் அவளுக்கு. அந்த ஒன்றை உன் கையால் ஒழுங்காகச் செய்துவிட்டு எழுது. அப்புறம் அவளை அனுப்புகிறேன். இது என் வாக்கு.

குறித்துக்கொள். இறக்கை பதினாலு. சோயா சாஸ் அரைக் கப், தேன் அரைக் கப், பூண்டு எட்டுப் பல், ஒரு துண்டு இஞ்சி, மிளகாய்த்தூள் ஒரு கரண்டி, கொஞ்சம் எலுமிச்சைச் சாறு. எல்லாவற்றையும் ஒன்றாகக் கலந்து இறக்கையை முதல் நாளே ஊறவை. மறுநாள் அப்படியே தட்டில் கொட்டி இருநூற்றிருபது டிகிரியில் முக்கால் மணி நேரம். அவ்வளவுதான் வித்தை.

வேளாவேளைக்குச் சாப்பிடு.

அக்கா

பிப்ரவரி 3

அன்புள்ள அக்காவுக்கு,

நீயும் வாலுவும் சுகந்தானே. எனக்கு உடம்பு சுகம், மனசுதான் கொஞ்சம் நொந்துபோயிருக்கிறது.

ஓவன் வாங்கினேன். நீ சொன்னதை வரி பிசகாமல் செய்தேன். இருபது நிமிஷத்தில் வீடெல்லாம் புகை. எதிர் வீட்டு நர்ஸம்மா ஒரு வாளித் தண்ணீரோடு ஓடி வந்துவிட்டார். "என்னங்க, தீயா?" என்றார். "இல்லீங்க, சமையல்" என்றேன். வெளியே கரி, உள்ளே எலும்போரம் ரத்தம். தட்டில் தேன் தாராக இறுகிப்போய், லிஃப்ட் தண்டவாளத்தில் துருச் சுரண்டுகிற பிளேடால் சுரண்டி எடுத்தேன். ஓவன் சின்னது, அதனாலோ என்னவோ.

பிரமாதமாக வந்தது என்று எழுதியிருக்கலாம். உனக்கு எப்படித் தெரியப்போகிறது? அப்படி எழுதப் பேனாவைக்கூட எடுத்தேன். ஆனால் வாலு வாசிக்கப்போகிற கடிதத்தில் பொய் எழுத எனக்குக் கை வரவில்லை.

கட்டில் நீலம். அவளிடம் சொல். நான் எங்கே தவறினேன் என்று உடனே எழுது.

தம்பி

பிப்ரவரி 24

தம்பிக்கு,

இங்கே எல்லாரும் சுகம். உன் சுகத்தை உன் கடிதமே சொல்லிவிட்டது.

ஆடத் தெரியாதவள் கூடம் கோணல் என்றாளாம். ஓவன் சின்னதாம்! என் ஓவன் மட்டும் என்ன, கல்யாண மண்டபத்து அடுப்பா?

வாளித் தண்ணீர் கதையை வாலு மூன்று தடவை வாசித்தாள். சிரித்துச் சிரித்து இரண்டு பேருக்கும் வயிறு வலித்துவிட்டது. "அப்பாவுக்கு மட்டும் ஏன் அத்தை வர மாட்டேங்குது?" என்று கேட்டாள். "உங்கப்பன் கை ஸ்க்ரூ முடுக்கிற கை, அதுக்குச் சமையல் எங்க வரும்?" என்றேன். அதற்கும் சிரித்தாள்.

சூட்டைக் குறை. நூற்றைம்பது போதும். தட்டை அலுமினியத் தாளால் இறுக்கி மூடு. ஒரு மணி நேரம் திறக்காதே.

அவள் நன்றாக வளர்ந்துவிட்டாள். ஜூனுக்குப் புதுச் சீருடை தைத்து முடித்துவிட்டேன். அடுத்த வருடத்துக்கும் ஆகட்டும் என்று கீழே நாலு விரல் மடித்து விட்டிருக்கிறேன்.

சளி பிடிக்காமல் இரு.

அக்கா

மார்ச் 10

அக்காவுக்கு,

சுகம். உன் முழங்காலும் சுகமாக இருக்கட்டும்.

எந்தப் பள்ளிக்குச் சீருடை தைத்தாய்? இங்கே அவள் படிக்கப்போகிற பள்ளியின் சீருடை என்ன நிறம் என்று உனக்குத் தெரியுமா? நீ கேட்கவே இல்லையே.

ஒரு வாரமாக மூடி வைத்துச் செய்து பார்த்தேன். கருகவில்லை, வாஸ்தவம். தன் தண்ணீரிலேயே மிதந்து, வெளுத்து, ரப்பராக இழுத்தது. செருப்புக்கு அடி வைத்துத் தைக்கலாம். மூன்றாவது தடவை எதிர் வீட்டு நர்ஸம்மா ஒன்றைக் கடித்துப் பார்த்துவிட்டு, "தப்பா நினைக்காதீங்க, உங்களுக்கு இதை யார் சொல்லிக் கொடுத்தாங்க?" என்றார். எனக்கு எங்கிருந்து வந்ததோ கோபம். "எங்கக்கா! அவங்க செஞ்சா தெருவே மணக்கும். என் கையிலதான் கோளாறு" என்று எரிந்து விழுந்தேன். அந்தம்மா எழுந்து போய்விட்டார். மறுநாள் லிஃப்டில் மன்னிப்புக் கேட்டேன்.

நீங்கள் இரண்டு பேரும் அங்கே சிரியுங்கள். எனக்கு ஜூன் நெருங்குகிறது. ஏதோ ஒன்று விட்டுப்போகிறது அக்கா, என்னவென்று தெரியவில்லை. சொல்.

தம்பி

ஏப்ரல் 5

வாலுக்குட்டிக்கு,

சமத்தாக இருக்கிறாயா? பரீட்சை எப்படி எழுதினாய்?

போன மாதம் அத்தைக்கு எழுதின கடிதத்துக்குப் பதிலே வரவில்லை. உடம்புக்கு ஒன்றும் இல்லையே? இல்லை என் மேல் கோபமா? எதுவானாலும் எனக்கு எழுது. கூடவே ஒரு உதவி. ஞாயிற்றுக்கிழமைகளில் நீ அடுப்படியில்தானே உட்கார்ந்திருப்பாய். அத்தை இறக்கை செய்யும்போது நீ பார்ப்பதை அப்படியே வரிசையாக எழுதி அனுப்பு. அப்பாவுக்கு இந்தப் பாடத்தில் மூன்று தடவை முட்டை.

முத்தங்களுடன்,
அப்பா

ஏப்ரல் 13

அப்பாவுக்கு,

நான் நலம். நீங்கள் நலமா? பரீட்சையில் கணக்கு மட்டும் சுமார். அத்தைக்கு உடம்பு நன்றாகத்தான் இருக்கிறது. உங்கள் போன மாதக் கடிதத்தை வாசித்த பிறகு இரண்டு நாள் சரியாகச் சாப்பிடவில்லை. இப்போது சாப்பிடுகிறார்கள். இன்றைக்குத் துணி எடுக்கக் கடைக்குப் போயிருக்கிறார்கள், அதனால் நானே எழுதுகிறேன்.

அத்தை ஊறவைக்கும்போது தேன் சேர்க்க மாட்டார்கள். சோயா சாஸ், பூண்டு, இஞ்சி, மிளகாய்த்தூள், எலுமிச்சை மட்டும்தான். மறுநாள் ஒவ்வொரு இறக்கையாக எடுத்துப் பழைய பருத்தித் துணியால் ஒற்றி ஒற்றி ஈரமே இல்லாமல் துடைப்பார்கள். அது என் வேலை. அப்புறம் தட்டு மேலே கம்பி வலை வைத்து, ஒன்றோடொன்று முட்டாமல் அடுக்கி, இருநூறு டிகிரி. மூடவே கூடாது. பாதியில் புரட்டணும். ஊறவைத்த சாற்றில் தேனை விட்டு, அடுப்பில் நன்றாகக் கொதிக்கவைத்துக் குழம்பாக்குவார்கள். கடைசிப் பத்து நிமிஷத்தில்தான் அதை இரண்டு தடவை தடவுவார்கள். தேன் முதலிலேயே போட்டால் கருகிவிடும் என்று அத்தைதான் எனக்குச் சொல்லித் தந்தார்கள்.

இதையெல்லாம் அத்தை உங்களுக்கு எழுதவில்லையா? மறந்துவிட்டார்களோ.

நீலம் எனக்குப் பிடிக்கும்.

உங்கள் வாலு

ஏப்ரல் 21

அக்காவுக்கு,

சுகம் விசாரிக்கிற நிலையில் நான் இல்லை.

நேற்று இறக்கை செய்தேன். பதினாலும் சிவந்து, பளபளவென்று, கடித்தால் தோல் நொறுங்கி, உள்ளே பூவாக வெந்து. எதிர் வீட்டு நர்ஸம்மா நாலு தின்றுவிட்டு விரலைச் சூப்பினார். எப்படி வந்தது தெரியுமா? துணியால் துடைத்தேன். வலை மேல் அடுக்கினேன். தேனைக் கடைசியில் தடவினேன். வாலு எழுதி அனுப்பினாள்.

பதினொரு வயதுப் பிள்ளைக்கு நினைவிருப்பது உனக்கு மறந்துபோகுமா? நீ மறக்கவில்லை. மறைத்தாய். முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைத்தாய். நான் கருக்கினேன் என்று எழுதினால் சிரித்தாய். சிரித்துவிட்டு, இன்னும் மோசமாக வருவதற்கு வழி சொன்னாய். ஒரு வருடத்துச் சீருடையை இரண்டு வருடத்துக்குத் தைத்தாய். வாக்கு வேறு கொடுத்தாய்!

நான் பிள்ளையை விட்டுவிட்டுப் போனது தப்பு. அவள் முகத்தைப் பார்த்தால் அவள் அம்மா முகம் தெரிந்தது, என்னால் தாங்க முடியவில்லை, ஓடினேன். கோழைத்தனம்தான். அதற்கு என்னை எத்தனை திட்டு வேண்டுமானாலும் திட்டு, வந்து கன்னத்தில் அறை, வாங்கிக்கொள்கிறேன். ஆனால் பிள்ளையைத் தர இஷ்டமில்லை என்றால் "தர மாட்டேன்" என்று நேராகச் சொல்லியிருக்க வேண்டும். நான் மூன்று மாதம் அந்த ஓவன் முன்னால் குந்தி உட்கார்ந்து, நான் அப்பனாக இருக்கவே லாயக்கில்லாதவன் என்று நினைத்தேன் அக்கா. அதைத்தான் நீ நினைக்கவைத்தாய்.

மே பத்தாம் தேதி வருகிறேன். பிள்ளையைத் தயாராக வை.

தம்பி

மே 2

மடையா,

ஆத்திரக்காரனுக்குப் புத்தி மட்டு என்று சும்மாவா சொன்னார்கள்? உன் கடிதங்களை எனக்கு யார் வாசித்துக் காட்டுகிறார்கள் என்று ஒரு நிமிஷம் யோசித்தாயா?

ரவிக்கை அளவு கொடுக்க வந்த அம்மாள் ஒருத்தி நின்றுகொண்டிருந்தாள். வாலு கூடத்து நடுவில் நின்று, எப்போதும்போல நாடகக் குரலில் வாசித்தாள். "மறைத்தாய்" என்கிற இடத்தில் நின்றாள். அந்த வரியைத் திரும்ப வாசித்தாள். "போதும், குடு" என்றேன். கொடுக்கவில்லை. அவள் அம்மா முகத்தைப் பற்றி எழுதியிருந்தாயே, அதையும் வாசித்தாள். கடைசி எழுத்து வரைக்கும் வாசித்து, மடித்து, என் மெஷின் மேல் வைத்தாள்.

"அப்பா கருகிப்போச்சுன்னுகூட மறைக்காம எழுதினாங்க. நீங்க என்னையும் சேர்த்துச் சிரிக்கவச்சீங்க அத்தை" என்றாள். ஞாயிற்றுக்கிழமை இறக்கை சுட்டேன். தட்டைத் தொடவே இல்லை. இன்றைக்குப் பெட்டியில் துணி அடுக்கிவிட்டாள். சீருடையை மட்டும் கட்டில் மேலேயே வைத்திருக்கிறாள்.

ஆமாம், மறைத்தேன். நல்லா மறைத்தேன். முதல் கடிதத்தில் "தேன் அரைக் கப்" என்று எழுதும்போதே என் கை நின்றது, தெரிந்தே மேலே எழுதினேன். நீ தோற்றுத் தோற்று அலுத்துப்போய், "அவ அங்கேயே இருக்கட்டும்க்கா" என்று எழுதுவாய் என்று காத்திருந்தேன். நீதான் எதையும் பாதியில் விடுகிறவன் ஆயிற்றே. இதை மட்டும் ஏன்டா விடவில்லை?

உன் மார்ச் கடிதத்தைக் கேட்டு இரண்டு நாள் எனக்குச் சோறு இறங்கவில்லை. "எங்கக்கா" என்று என் பெயரில் ஊரானிடம் சண்டை போட்டிருக்கிறாய். அதற்கு என்ன பதில் எழுத? உண்மையை எழுதினால் பிள்ளை போய்விடும். பொய் எழுதக் கை வரவில்லை. சும்மா இருந்தேன்.

வா. கூட்டிக்கொண்டு போ. நான் பெற்றவள் இல்லை, பிடித்து வைக்க எனக்கு ஒரு காகிதமும் கிடையாது.

பயணத்தில் கண்டதைத் தின்று வயிற்றைக் கெடுத்துக்கொள்ளாதே.

அக்கா

ஜூன் 15

அன்புள்ள தம்பிக்கு,

நலம். நலமறிய ஆவல். நீங்கள் இருவரும் பத்திரமாகப் போய்ச் சேர்ந்த தகவல் கிடைத்தது. சந்தோஷம்.

குழந்தைக்கு ஜுரம் வந்தால் நெற்றியில் ஈரத் துணி போட விடமாட்டாள். உள்ளங்காலில் போட்டால் பேசாமல் இருப்பாள். தலையை மாலையில் நனைக்கக் கூடாது, சளி பிடிக்கும். கணக்குக்கு மட்டும் பக்கத்தில் யாராவது உட்கார வேண்டும், சொல்லித் தர வேண்டியதில்லை. மற்றதெல்லாம் உங்கள் விருப்பம்போல் செய்யவும்.

எனக்கு இங்கே வேலை இருக்கிறது. பொழுது போகிறது. பதில் போட அவசரம் இல்லை.

இப்படிக்கு,
அக்கா

ஜூன் 24

அக்கா,

உனக்கு என்ன ஆயிற்று? இது நீ எழுதின கடிதமா? "நலமறிய ஆவல்" என்கிறாய். "விருப்பம்போல் செய்யவும்" என்கிறாய். வீட்டு வரி நோட்டீஸ் அனுப்புகிறவன்கூட இதைவிட உரிமையோடு எழுதுவான்.

வாலு அதை இரண்டு தடவை படித்தாள். பின்பக்கம் திருப்பிப் பார்த்தாள். உறைக்குள் கையை விட்டுத் துழாவினாள். "ஒரு திட்டுகூட இல்லையேப்பா. அத்தைக்கு உடம்பு சரியில்லையா?" என்றாள்.

அன்றைக்கு நாங்கள் கிளம்பும்போது நீ வாசலுக்குக்கூட வரவில்லை. உள்ளே மெஷின் ஓடுகிற சத்தம் மட்டும் கேட்டது. திமிர் என்று நினைத்தேன். ரயிலில் வாலு சொன்னாள், நீ துணியே வைக்காமல் ஓட்டிக்கொண்டிருந்தாய் என்று. எனக்கு அப்போதும் கோபம் தணியவில்லை. இப்போதும் முழுசாகத் தணிந்துவிட்டது என்று சொல்ல மாட்டேன். ஆனால் ஏழு வருடமாக என்னை ஒரு மனுஷனாக மதித்துத் திட்டினவள் நீ ஒருத்திதான். வேறு யாரும் எனக்காக அவ்வளவு மையைச் செலவழித்ததில்லை.

ஞாயிற்றுக்கிழமை இறக்கை செய்தேன். நன்றாகவே வந்தது. நாலு சாப்பிட்டாள். ஐந்தாவதைக் கையில் எடுத்துக்கொண்டு, "இப்ப அத்தை ஞாயித்துக்கிழமை என்ன சமைப்பாங்க?" என்று கேட்டாள். அப்புறம் அதைத் தட்டிலேயே வைத்துவிட்டு எழுந்து போனாள். நானும் சாப்பிடவில்லை.

கெஞ்சிக் கேட்கிறேன் அக்கா. என்னைத் திட்டி ஒரு கடிதம் போடு. நாலு பக்கத்துக்குப் போடு. இதற்குக் கீழே வாலு ஏதோ எழுதப்போகிறாள், நான் பார்க்கக் கூடாதாம்.

உன் தம்பி

அத்தை,

நான் நலம். நான் இன்னும் உங்கள் மேல் கோபமாகத்தான் இருக்கிறேன். நீங்கள் செய்தது ரொம்பத் தப்பு. ஆனால் கோபப்பட வேண்டியது நான். நீங்கள் ஏன் பேசாமல் இருக்கிறீர்கள்? தப்பு செய்தவர்கள் ஒன்று மன்னிப்புக் கேட்க வரணும், இல்லையென்றால் சண்டை போடவாவது வரணும். "விருப்பம்போல் செய்யவும்" என்று எழுதிவிட்டு அங்கேயே உட்கார்ந்துகொள்ளக் கூடாது.

அடுத்த வாரச் சனிக்கிழமை அப்பாவுக்கு லீவு. ஸ்டேஷனுக்கு இரண்டு பேரும் வருவோம். மன்னிப்போ, சண்டையோ, எதற்காவது வாருங்கள்.

வாலு